அழாத பிள்ளைக்கு வயிற்றுவலி

சூடானின் கார்ட்டூமிலிருந்து எங்களோடு கப்பலேறி வந்த குடும்பங்களுக்கென்று ஒரு வாட்ஸப் குழு இருக்கிறது. "தர்ஷினிக்கு ஆபரேஷனாமே, என்ன ஆச்சு?" என்று அதில் ஒரு தோழி கேட்டிருந்தாள். "அப்பெண்டிக்ஸ். இப்போ நல்லா இருக்கா" என்று பதில் போட்டேன். அது பொய்யில்லை. ஆனால் அனுப்பிய பிறகு அந்தப் பதிலைத் திரும்பத் திரும்ப எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன். அங்கே இருந்தபோது நம்மில் யாரெல்லாம் பிள்ளைகளுக்குச் சத்தம் போடாமல் இருக்கக் கற்றுக்கொடுத்தோமோ, அவர்களுக்கு அந்த ஒரு வரி போதாது. அதனால் முழுதாக எழுதுகிறேன். அங்கே இல்லாதவர்களும் இதைப் படிக்கலாம், ஒருவேளை ஒரு டாக்டரும் படிக்கலாம் என்பதால் உங்களுக்குத் தெரிந்ததையும் சேர்த்தே சொல்கிறேன்.

திரும்பி வந்து சில மாதங்கள் ஆகியிருந்தன. திருமுல்லைவாயிலில் என் கணவரின் அக்கா மல்லிகா வீட்டு மாடியில் குடியிருக்கிறோம். ஒரு நாள் காலை பள்ளிக்குக் கிளப்பும்போது மகள் தர்ஷினி இட்லியைத் தொடவில்லை. ஐந்து வயதுப் பிள்ளை, சாப்பிட அடம் பிடிப்பது புதிதில்லை என்று விட்டுவிட்டேன். மதியம் பள்ளியிலிருந்து அழைத்தார்கள். இரண்டு முறை வாந்தி எடுத்திருந்தாள். மாலையில் உடம்பு சுட்டது. முந்தைய நாள் கடையில் வாங்கிக் கொடுத்த பப்ஸாக இருக்குமோ, தண்ணீரைச் சரியாகக் காய்ச்சவில்லையோ என்று நான் ஒவ்வொன்றாக யோசித்துக்கொண்டிருந்தேன்.

வேலை முடிந்து வந்த மல்லிகா அக்கா, பையைக்கூடக் கீழே வைக்காமல் மாடிக்கு வந்தார்.

"இன்னாடி, கொழந்த மூஞ்சி இப்டி சுண்டிப் போய் கீது? எதுனா துன்னாளா?"

"காலையிலேர்ந்து ஒண்ணுமில்லக்கா."

"இரு, சுத்திப் போடறேன். அப்பால டாக்டராண்ட தூக்கினு போ. ரெண்டையும் பண்ணு, எதுனா ஒண்ணு புட்ச்சிக்கும்."

சுற்றிப் போட்டார். காய்ச்சலுக்கு சிரப் கொடுத்தேன். விடிந்தும் காய்ச்சல் இறங்கவில்லை. அம்பத்தூர் போகும் வழியில் இருக்கும் ஒரு மருத்துவமனைக்குத் தூக்கிக்கொண்டு போனோம். உடம்பில் நீர் குறைந்திருக்கிறது, அட்மிட் பண்ணிவிடலாம் என்றார்கள். குழந்தைகள் வார்டு முதல் மாடியில், மெயின் ரோட்டைப் பார்த்த மாதிரி இருந்தது.

முதல் வேலை வென்ஃப்ளான் போடுவது. மருந்தும் சலைனும் ஏற்றுவதற்காக நரம்புக்குள் இருத்திவைக்கும் மெல்லிய குழாய்தான் அது. குழந்தைகளின் நரம்பு நூல் மாதிரி இருக்கும். அதிலும் உடம்பில் தண்ணீர் இல்லாதபோது கண்ணுக்கே தெரியாது. ஜெனிபர் என்ற இளம் நர்ஸ் ஒரு முறை குத்திப் பார்த்தார், கிடைக்கவில்லை. இன்னொரு கையில் முயன்றார், தர்ஷினி கையை உதறிவிட்டாள். ரத்தம் படுக்கை விரிப்பில் தெறித்தது.

"ஆடாம புடிச்சிக்கங்கம்மா. நரம்பு நழுவுது. இன்னொரு வாட்டி குத்த எனக்கே கஷ்டமா இருக்கு."

எனக்கு அந்தப் பெண்ணைப் பார்க்கவும் பாவமாக இருந்தது. குனிந்து தர்ஷினியின் காதில், "ஸ்டாச்சு" என்றேன்.

அவள் கை அப்படியே கட்டை மாதிரி நின்றது. அழுகை பாதியில் அறுந்தது. ஊசி உள்ளே போனபோது இமைகூட அசையவில்லை. கண்கள் மட்டும் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தன.

"ஐயோ, என்ன சமத்து! என்ன மேஜிக்மா பண்ணீங்க?" என்று ஜெனிபர் பிளாஸ்திரி ஒட்டிக்கொண்டே சிரித்தார். எனக்குப் பெருமையாக இருந்தது. உடனே ரத்த மாதிரியைக் கீழே லேபில் கொடுத்துவிட்டு வரச் சொன்னார்கள். நான் ஓடினேன்.

அந்த வார்த்தையைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

என் கணவர் செந்தில் கார்ட்டூமில் ஒரு அட்டைப்பெட்டித் தொழிற்சாலையில் மின் பராமரிப்பு வேலையில் இருந்தார். நானும் பிள்ளையும் போய்ச் சேர்ந்து ஓராண்டுகூட ஆகவில்லை. நோன்பு மாதத்தின் கடைசியில், ஒரு சனிக்கிழமை காலை, சண்டை ஆரம்பித்தது. இரண்டு படைகள் ஊருக்குள்ளேயே மோதிக்கொண்டன. பாலங்களை அடைத்தார்கள். விமான நிலையம் எரிந்தது. யாரும் எங்கும் போக முடியவில்லை. மின்சாரம் நின்றது, அதோடு தண்ணீர் மோட்டாரும் நின்றது. சமையலறை ஜன்னல் உடைந்த பிறகு, ஜன்னலே இல்லாத நடைவழியில் மெத்தையை இழுத்துப் போட்டுக்கொண்டோம். சாப்பாடு, தூக்கம் எல்லாம் அந்த ஒரு மெத்தையில்தான். அந்த வெயிலில் சுவர் அடுப்பு மாதிரி இருந்தது. காஸ் தீர்ந்த பிறகு பாசிப்பயறை ஊறவைத்துப் பச்சையாகத் தின்றோம். எதிர் வீட்டு ஆமினாவிடம் ஒரு பீப்பாய் தண்ணீரும் கொஞ்சம் கரியும் இருந்தன. எங்களுக்கும் சேர்த்து ரொட்டி சுட்டுக் கொடுப்பாள்.

குண்டுச் சத்தத்துக்குக்கூட ஒருவகையில் பழகிவிட்டோம். படிக்கட்டில் கேட்கும் பூட்ஸ் சத்தத்துக்குத்தான் பழக முடியவில்லை. முகத்தைத் துணியால் சுற்றிக்கொண்ட ஆட்கள் கட்டிடம் கட்டிடமாக ஏறி இறங்கினார்கள். கார் சாவி, நகை, போன் என்று பிடுங்கிக்கொண்டு போனார்கள், சில வீடுகளில் ஆண்களையும். ஆள் இல்லாத வீடு என்று தோன்றினால் சில சமயம் தாண்டிப் போய்விடுவார்கள் என்று கேள்விப்பட்டோம். அதனால் செந்தில் வாசல் கிரில் கம்பிகளுக்கு நடுவே கையை விட்டு, பூட்டை வெளிப்பக்கமாகப் பூட்டிவைத்தார். வெளியே இருந்து பார்த்தால் காலி செய்துவிட்டுப் போன வீடு. ஆனால் காலி வீட்டுக்குள் நான்கு வயதுக் குழந்தை இருக்கிறதே, அதை எப்படிப் பூட்டுவது?

ஊரில் மல்லிகா அக்காவின் பிள்ளைகள் அவளுக்கு ஒரு விளையாட்டுக் கற்றுக்கொடுத்திருந்தார்கள். உங்கள் தெருவிலும் விளையாடியிருப்பீர்கள். ஒருவர் "ஸ்டாச்சு" என்றால் அடுத்தவர் சிலை மாதிரி நிற்க வேண்டும். "ரிலீஸ்" என்று சொல்லும்வரை அசையக் கூடாது, சிரிக்கக் கூடாது. நான் அதையே எடுத்துக்கொண்டேன். அதில் என் விதிகளையும் சேர்த்தேன். வாயிலிருந்து சத்தம் வரக் கூடாது. பசித்தாலும், வலித்தாலும், பயந்தாலும். யார் வந்து எது கேட்டாலும். அம்மா ரிலீஸ் சொல்லும்வரை.

ஒரு காலை பூட்ஸ் சத்தம் எங்கள் மாடியில் நின்றது. மூவரும் குளியலறையில் இருந்தோம். எங்கள் கிரில்லை யாரோ ஒரு முறை உலுக்கினார்கள். பூட்டு கம்பியில் மோதியது. நான் தர்ஷினியைப் பார்த்தேன், அவள் என் வாயைப் பார்த்தாள். அப்போது எதிர் வீட்டில் ஆமினாவின் கைக்குழந்தை அழுதது.

ஆமினா வீட்டுக் கதவைத்தான் உடைத்தார்கள். ஆமினாவின் கணவர் இத்ரிஸை இழுத்துக்கொண்டு போனார்கள். அவர் செருப்பு ஒன்று படியில் உருண்டு விழும் சத்தம் கேட்டது. செந்தில் போய்ப் பார்த்துவிட்டு வந்து தலையாட்டிய பிறகுதான் நான் "ரிலீஸ்" என்றேன். மதியம் ஆகியிருந்தது. தர்ஷினியின் கவுன் நனைந்திருந்தது. அப்போதும் அவள் அழவில்லை, மூச்சை மட்டும் விட்டாள். மறுநாள் ஆமினா வழக்கம்போல் கிரில் வழியாக ரொட்டியை நீட்டினாள். அதை வாங்க எனக்குக் கை வரவில்லை. செந்தில்தான் வாங்கினார். இத்ரிஸ் திரும்பி வந்தாரா என்று இன்றுவரை எங்களுக்குத் தெரியாது.

மருத்துவமனைக்குத் திரும்புகிறேன். நான் லேபிலிருந்து மேலே வந்தபோது குழந்தைகள் டாக்டர் வார்டைச் சுற்றி வந்துகொண்டிருந்தார். நிதானமான, வயதான அம்மா. மாஸ்க் போட்டிருந்தார். தர்ஷினியின் வயிற்றை நான்கு பக்கமும் அழுத்தி, அழுத்தி விட்டுப் பார்த்தார். வயிற்றுக்குள் சீழ் பிடித்திருந்தால், அழுத்தும்போது இருப்பதைவிடக் கையைச் சட்டென்று எடுக்கும்போது வலி அதிகமாக இருக்குமாம். குழந்தையின் முகம் சுருங்குகிறதா என்று அதைத்தான் கவனிப்பார்களாம். இதெல்லாம் பிறகு தெரிந்துகொண்டது.

"இங்க வலிக்குதா கண்ணா? இங்க?"

தர்ஷினி பதில் சொல்லவில்லை. முகம் சுருங்கவில்லை.

"வயிறு கொஞ்சம் டைட்டா இருக்கு. ஆனா வலி மாதிரி தெரியல. வயித்துல இன்ஃபெக்‌ஷனா இருக்கலாம். எதுக்கும் ஸ்கேன் பார்த்துடலாம்."

ஸ்கேனில் குடல் முழுக்க வாயுவாக இருக்கிறது, குடல்வால் தெளிவாகத் தெரியவில்லை என்று எழுதினார்கள். இந்தக் குடல்வாலைத்தான் அப்பெண்டிக்ஸ் என்கிறோம். பெருங்குடல் தொடங்கும் இடத்தில் விரல் மாதிரி தொங்கும். கருவியை வைத்து அழுத்தியபோதும் குழந்தை ஒத்துழைத்தாள் என்று அங்கேயும் பாராட்டு. வார்டில் எல்லாப் பிள்ளைகளும் அழுதுகொண்டிருக்க, என் பிள்ளை மட்டும் கைகளை உடம்போடு ஒட்டிவைத்துக்கொண்டு நேராகப் படுத்திருந்தாள். பக்கத்துக் கட்டிலில் இருந்த பையனின் அம்மா தன் மகனிடம், "பாருடா, அந்தப் பாப்பா எப்டி கீதுன்னு" என்றாள். அன்று தர்ஷினி படுக்கையை நனைத்துவிட்டாள். சலைன் ஏறுகிறதே, அதனால்தான் என்றார்கள். நானும் நம்பினேன். அவள் ஊருக்குத் திரும்பி வந்ததிலிருந்தே அதிகம் பேசாத பிள்ளை, காய்ச்சல் வேறு. அந்த வார்த்தையைக் காலையில் சொன்னது என் நினைவிலேயே இல்லை.

மறுநாள் காய்ச்சல் இன்னும் ஏறியது. ரத்தத்தில் வெள்ளையணுக்கள் கூடியிருந்தன. உடம்பு எதையோ எதிர்த்துச் சண்டை போடுகிறது என்று அர்த்தம். எதை என்று தெரியவில்லை. டைஃபாய்டாக இருக்கலாம் என்று அதற்கும் ரத்தம் எடுத்தார்கள். அதற்கும் அவள் அசையவில்லை.

மதியம் மல்லிகா அக்கா ரசம் சாதம் கரைத்து எடுத்துக்கொண்டு வந்திருந்தார். அப்போது கீழே மெயின் ரோட்டில் ஒரு சாவு ஊர்வலம் போனது. முதலில் மேளமும் விசிலும் கேட்டன. பிறகு ஜன்னலுக்கு நேர் கீழே சரவெடியைக் கொளுத்திவிட்டார்கள்.

எப்படி இறங்கினேன் என்று தெரியாது. கட்டிலுக்கும் சுவருக்கும் நடுவே தரையில் உட்கார்ந்திருந்தேன்.

"ஏய், இன்னாடி இது! எவனோ செத்துகினு போறான், நீ இன்னாத்துக்குக் கீழ குந்திகினு கீற? எழுந்திரு. எல்லாரும் பாக்குறாங்கோ."

கட்டிலைப் பிடித்துக்கொண்டு எழுந்தேன். வார்டில் அத்தனை குழந்தைகளும் வீறிட்டுக்கொண்டிருந்தன. பக்கத்துக் கட்டில் பையன் அம்மாவின் கழுத்தில் தொங்கினான். தர்ஷினி மட்டும் நேற்றுப் படுத்த மாதிரியே படுத்திருந்தாள். மேலுதட்டில் வேர்வை. கண்கள் என் வாயின் மேல்.

அந்தப் பார்வை எனக்குத் தெரியும். குளியலறையில் பார்த்த பார்வை.

"ரிலீஸ்" என்றேன். எனக்கே கேட்கவில்லை. "தர்ஷு, ரிலீஸ். ரிலீஸ்டா. அம்மா ரிலீஸ் சொல்லிட்டேன்."

முதலில் ஒரு சின்ன முனகல். பிறகு அவள் வலது முழங்காலை வயிற்றோடு மடக்கினாள். அதன் பிறகு வந்த சத்தத்தை நான் அவளிடம் ஒருபோதும் கேட்டதில்லை. "வலிக்குது! அம்மா, வலிக்குது! இங்க!" இரண்டு கைகளும் வலப்பக்கம் அடிவயிற்றில் இருந்தன.

"ஐயோ என் கண்ணே" என்று மல்லிகா அக்கா வாசலுக்கு ஓடினார். "சிஸ்டரு! ஓடியாம்மா! கொழந்த துடிக்குது!"

டாக்டர் வந்தார். இந்த முறை வயிற்றில் கை வைக்கவே விடவில்லை அவள்.

"நேத்து வலி இல்லைன்னு சொன்னாளே?"

"இல்லைன்னு சொல்லல டாக்டர். எதுவுமே சொல்லல. நான் சொல்லக் கூடாதுன்னு சொல்லியிருந்தேன்."

நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். பூட்டை, குளியலறையை, விதிகளை. கோர்வையாகச் சொன்னேனா என்று தெரியவில்லை. "யார் கேட்டாலுமா?" என்று மட்டும் கேட்டார். "யார் கேட்டாலும்" என்றேன். அவர் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் சுலபமாக இருந்திருக்கும். ஜெனிபரிடம் திரும்பி, "சர்ஜனைக் கூப்பிடு. வாயில ஒண்ணும் குடுக்காதீங்க. தியேட்டர் ரெடி பண்ணச் சொல்லு" என்றார்.

செந்தில் இப்போது வேலை பார்க்கும் அம்பத்தூர் எஸ்டேட்டிலிருந்து கம்பெனிச் சட்டையோடே ஓடி வந்தார். ஆபரேஷன் தியேட்டர் வாசலில் இரும்பு நாற்காலிகள். அந்தக் கதவு திறக்கும்போதெல்லாம் இருவரும் எழுந்து நின்றோம்.

"நான்தாங்க" என்றேன். "ஊசி போட சௌகரியமா இருக்கும்னு..."

"அத நீ சொல்லிக் குடுத்ததாலதான் அங்க உசுரோட இருந்தோம்."

"இங்க?"

அவர் என் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். செருப்பு படியில் விழுந்த சத்தம் அவருக்கும் கேட்டுக்கொண்டிருந்ததா என்று கேட்க நினைத்தேன்.

சர்ஜன் வெளியே வந்து விளக்கினார். குடல்வால் வீங்கி வெடித்திருந்தது. வெடித்தவுடன் கொஞ்ச நேரம் வலி குறைந்த மாதிரி தோன்றுமாம், பெரியவர்களே ஏமாந்துபோவார்களாம். சீழ் வயிற்றில் பரவியிருந்தது, கழுவி எடுத்திருக்கிறோம், மிச்சம் வடிவதற்கு ஒரு குழாய் வைத்திருக்கிறோம் என்றார். "இன்னும் தள்ளிப் போயிருந்தா ரத்தத்துல கலந்திருக்கும்மா. அப்புறம் எங்க கையில இல்ல."

மயக்கம் தெளிந்ததும் அவள் முதலில் கேட்டது தண்ணீர் இல்லை.

"அம்மா, அவங்க போயிட்டாங்களா?"

"யாரும்மா?"

"மூஞ்ச மூடிகினு வந்தாங்களே."

"அவங்க டாக்டருங்கடா. மாஸ்க் போட்டிருந்தாங்க. உன்னை நல்லாக்க வந்தவங்க."

அவள் உதடு வறண்டு ஒட்டிக்கொண்டிருந்தது.

"அப்ப ஏன் ஸ்டாச்சு சொன்ன?"

இதற்கு என்ன பதில் சொல்லியிருக்க வேண்டும் என்று இன்றும் யோசிக்கிறேன். "தப்பா சொல்லிட்டேன்" என்றேன். தப்பா? அங்கே சொன்னதும் தப்பா? மறுபடி எங்காவது பூட்ஸ் சத்தம் கேட்டால் இவளை எதைச் சொல்லி அடக்குவேன் என்றும் அதே நொடியில் ஒரு எண்ணம் ஓடியது. திருமுல்லைவாயிலில் எதற்குப் பூட்ஸ் சத்தம் என்று நீங்கள் கேட்கலாம். கார்ட்டூமிலும் அந்தச் சனிக்கிழமைக்கு முந்தைய நாள் நான் தையல்காரரிடம் ரவிக்கை கொடுத்துவிட்டு வந்தேன்.

பிறகு வந்த நாட்கள் எல்லா ஆபரேஷன் வார்டிலும் நடப்பதுதான். மூக்கு வழியாக வயிற்றுக்கு ஒரு குழாய். பச்சையாக ஏதோ வடிந்துகொண்டிருக்கும். வயிற்றுக்கு ஓய்வு கொடுக்கத்தான், பயப்பட வேண்டாம். குடல் மறுபடி வேலை செய்ய ஆரம்பித்ததா என்பதற்கு ஒரே அடையாளம் காற்றுப் பிரிவது. டாக்டர், நர்ஸ், பக்கத்துக் கட்டில்காரர்கள் என்று வருகிறவர்கள் எல்லாரும், "காத்து பிரிஞ்சுதா?" என்றுதான் கேட்டார்கள். பிரிந்தபோது மல்லிகா அக்கா வார்டுக்கே கேட்கும்படி, "உட்டாடா என் ராசாத்தி! சிஸ்டரு, எழுதிக்கோ!" என்று கைதட்டினார். தர்ஷினிக்கு வெட்கம் தாங்கவில்லை. அக்கா தினமும் வேலை முடிந்து நேராக வார்டுக்கு வந்து, என்னைக் குளிக்கத் துரத்திவிட்டு, அந்த நாற்காலியில் உட்கார்ந்துகொள்வார்.

உங்களில் ஒருத்தி பிள்ளையின் வாயில் பேரீச்சம்பழத்தை வைத்து அடைப்பாள், இன்னொருத்தி விரலைக் காட்டி அடக்குவாள். எனக்குத் தெரியும், கப்பலேறத் துறைமுகத்துக்குப் பேருந்தில் வரும்போது பார்த்தேன். உங்கள் பிள்ளைக்கும் அப்படி ஒன்று இருந்தால், மருத்துவமனைக்குப் போன உடனே அதை டாக்டரிடம் சொல்லிவிடுங்கள். எந்த மருந்து ஒத்துக்கொள்ளாது என்று சொல்வோமே, அந்த மாதிரி. முடிந்தால் வீட்டிலேயே அதைப் பிள்ளையிடமிருந்து திரும்ப வாங்கிக்கொள்ளுங்கள். எப்படி என்று எனக்கும் சரியாகத் தெரியாது.

சீழ் வடிய வயிற்றில் வைத்திருந்த குழாயை எடுக்கும் நாள் வந்தது. ஆழமாக வைத்த குழாய், இழுக்கும்போது சில நொடிகள் நன்றாகவே வலிக்கும். ஜெனிபர் தட்டோடு வந்தார். தட்டைப் பார்த்ததுமே தர்ஷினி நெளிய ஆரம்பித்தாள்.

"அம்மா, அந்த மேஜிக் வார்த்தைய ஒரே ஒரு வாட்டி சொல்லிடுங்க" என்று ஜெனிபர் என் பக்கம் குனிந்து மெதுவாகச் சொன்னார். "ஆடினா பாப்பாவுக்குத்தான் வலி ஜாஸ்தி. எடுத்த உடனே ரிலீஸ் பண்ணிடுங்க."

அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. தர்ஷினி என் வாயைப் பார்த்தாள். சொன்னால் கட்டாயம் செய்வாள் என்று தெரிந்தது. ஒரு நொடி, உண்மையாகவே, சொல்லிவிடலாம் என்று தோன்றியது.

"வேணாம் சிஸ்டர். நான் புடிச்சிக்கறேன்" என்றேன். அவளிடம், "வலிச்சா கத்து. எவ்வளவு வேணாலும் கத்து" என்றேன்.

அவள் நம்பவில்லை. "சத்தமாவா?"

"சத்தமா."

குழாய் நகர்ந்ததும் கத்தினாள். "வேணாம்! போடி! போ! அம்மா, இவள அடி! அத்தகிட்ட சொல்லித் தர்றேன்டி உன்ன!" ஜெனிபர் சிரிப்பை அடக்கிக்கொண்டு இழுத்தார். பக்கத்துக் கட்டில் பையன் காதைப் பொத்திக்கொண்டான். நான் அவள் தோள்களை அழுத்திப் பிடித்துக்கொண்டு, அவள் முகத்தைப் பார்க்காமல் வார்டு கதவையே பார்த்துக்கொண்டிருந்தேன். இவ்வளவு சத்தம். இவ்வளவு சத்தம் போட்டால் யாராவது வந்துவிடுவார்கள்.

வெளியே காலடிச் சத்தம் கேட்டது. கதவு திறந்தது.

மாப்பு வாளியோடு ஓர் ஆயாம்மா உள்ளே தலையை நீட்டினார். அதற்குமுன் அவரை நாங்கள் பார்த்ததில்லை.

"இன்னா கண்ணு, இம்மாஞ் சத்தம்? கேட்டு வரைக்கும் கேக்குது. இன்னா ஆச்சு?"

தர்ஷினி என் வாயைப் பார்க்கவில்லை. நேராக அவரைப் பார்த்து, மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "வலிக்குது" என்றாள்.